மரியோ கேமும் ஓட்டு மெஷினும் பங்காளிகளா? மேலூர் பூத் வரை வந்த 8-பிட் சிப்பின் கதை

டிரிபிள் ஈ, ஈ.சி.இ, பாலிடெக்னிக் எலெக்ட்ரானிக்ஸ்... இதில் ஏதாவது ஒன்றைப் படித்த நண்பர் உங்களுக்கு இருந்தால், அவரிடம் '4100' என்று மட்டும் சொல்லிப் பாருங்கள். ஒரு சிரிப்பு வரும். இல்லையென்றால் ஒரு பெருமூச்சு வரும்.

தமிழ்நாட்டுப் பொறியியல் கல்லூரிகளின் மைக்ரோபிராசஸர் லேபில் பல பேட்ச் மாணவர்கள் கையில் கிடைத்தது, சென்னையின் வி மைக்ரோசிஸ்டம்ஸ் நிறுவனம் தயாரித்த 8085 கிட். அதில் புரோகிராமை எந்த மெமரி முகவரியிலிருந்து அடிக்க ஆரம்பிக்கணுமோ, அந்த நம்பர்தான் 4100. மானிட்டர் கிடையாது, மவுஸ் கிடையாது. சிவப்பாக எண்கள் ஒளிரும் குட்டி டிஸ்ப்ளே, கால்குலேட்டர் மாதிரி ஒரு கீபேட், அவ்வளவுதான். புரோகிராமை முதலில் நோட்டில் எழுதணும். ஒவ்வொரு கட்டளைக்கும் உரிய கோடை அட்டவணையில் தேடிப் பிடித்து, ஒவ்வொன்றாகத் தட்டணும். 'நிறுத்து' என்பதற்கு 76. ரெண்டு நம்பரைக் கூட்டவே கால் மணி நேரம் ஆகும். நடுவில் கரண்ட் போனால் அடித்ததெல்லாம் போச்சு, மறுபடி 4100-லிருந்து.

"1976-ல வந்த சிப்பை இப்ப எதுக்குப் படிக்கிறோம்?" என்று அந்த லேபில் கேட்காத ஆள் இருக்க முடியாது. கேள்வி நியாயமானதுதான். ஆனால், அந்தத் தலைமுறை 8-பிட் சிப்கள் நம்ம ஊரில் என்ன வேலை பார்த்தன என்று தேடிப் போனால், பதில் நேராக ஒரு அரசுப் பள்ளி வகுப்பறையில், அட்டை மறைப்புக்குப் பின்னால் கேட்கும் 'பீப்' சத்தத்தில் போய் நிற்கிறது. ஆமாம், ஓட்டு மெஷின்!

8-பிட் என்றால் என்ன?

ஒரே வரிசையில் எட்டு சுவிட்சுகள் இருப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொன்றும் ஆன் அல்லது ஆஃப். எட்டையும் மாற்றி மாற்றிப் போட்டால் மொத்தம் 256 விதமாக வைக்கலாம். அதாவது 0 முதல் 255 வரை எண்ணலாம். ஒரே மூச்சில் இந்த எட்டு சுவிட்ச் அளவுக்கான கணக்கை மட்டும் செய்யத் தெரிந்த சிப்தான் 8-பிட் மைக்ரோபிராசஸர். இதைப் படித்துக்கொண்டிருக்கும் உங்கள் போனில் இருப்பது 64-பிட்.

"அப்போ 255 ஓட்டுக்கு மேல விழுந்தா எண்ண முடியாதா?" முடியும். ஒரு பெட்டி நிரம்பியதும் அது பூஜ்ஜியத்துக்குத் திரும்பி, பக்கத்துப் பெட்டியில் ஒன்று கூடும். பழைய டி.வி.எஸ் 50-யின் கிலோமீட்டர் சக்கரத்தில் 9 முடிந்ததும் அடுத்த சக்கரம் ஒரு தட்டு நகருமே, அதே கதை. இப்படி ரெண்டு பெட்டியைச் சேர்த்தால் 65,535 வரை போகலாம். 2025 வரை ஒரு வாக்குச்சாவடியில் பொதுவாக 1,500 வாக்காளர்களுக்கு மேல் வைத்ததில்லை. ஆக, ஓட்டு எண்ணுவது 8-பிட் சிப்புக்கு ஒரு பெரிய விஷயமே இல்லை.

பங்காளி உறவு எப்படி?

1974-ல் அமெரிக்காவின் மோட்டோரோலா நிறுவனம் 6800 என்ற 8-பிட் சிப்பை வெளியிட்டது. அதே வருஷம் இன்டெல் 8080-ஐக் கொண்டுவந்தது. நம்ம லேப் 8085, அந்த இன்டெல் வீட்டுப் பிள்ளை. அதை இப்போதைக்கு விட்டுவிடுவோம், நமக்கு வேண்டியது மோட்டோரோலா வீடு.

அந்தக் காலத்தில் இந்தச் சிப்களின் விலை நூறு டாலர்களைத் தாண்டி இருந்தது. "இதைவிட மலிவா ஒண்ணு பண்ணலாமே" என்று மோட்டோரோலாவில் இருந்த சக் பெடில் என்ற இன்ஜினீயர் சொன்னார். மேலிடம் காதில் வாங்கவில்லை. அவரும் சகாக்கள் சிலரும் வெளியேறி, எம்.ஓ.எஸ் டெக்னாலஜி என்ற நிறுவனத்துக்குப் போய் 1975-ல் 6502 சிப்பைக் கொண்டுவந்தார்கள். விலை 25 டாலர். ஆப்பிளின் முதல் கம்ப்யூட்டர்கள் இதில்தான் ஓடின. 1983-ல் ஜப்பானில் வந்த நின்டெண்டோ ஃபேமிகாமின் மூளையும் இதன் வடிவமே. அந்த ஃபேமிகாமைக் காப்பியடித்துச் செய்த மலிவு செட்கள்தான் 90களிலும் 2000களிலும் நம்ம வீட்டு டிவியில் மரியோவையும் கான்ட்ராவையும் ஓடவிட்டவை. கேசட் வேலை செய்யலைன்னா ஊதிப் போடுவோமே, அதுவேதான். '9999 இன் 1' என்று எழுதியிருந்த கேசட்டில் திரும்பத் திரும்ப அதே சில கேம்கள்தான் இருந்தன என்பது தனிச் சோகம்.

அதே 6800 வீட்டில், மோட்டோரோலாவிலேயே பிறந்த இன்னொரு கிளை 6805. இதை வீடியோ கேமுக்காகச் செய்யவில்லை. ஒரே ஒரு வேலையைத் திரும்பத் திரும்பச் செய்யும் சாதனங்களுக்கு உள்ளே வைப்பதற்காகவே செய்தார்கள். அதை அடியொற்றி ஜப்பானின் ஹிட்டாச்சி தயாரித்த, மின்சாரம் குறைவாகக் குடிக்கும் வகை 6305. இந்தியாவின் முதல் தலைமுறை வாக்கு இயந்திரங்களுக்குள் இருந்தது இந்த ஹிட்டாச்சி 6305-தான்.

ஆக, தாத்தா ஒருவர். ஒரு பேரன் மரியோவைக் குதிக்க வைத்தான். இன்னொருவன் எம்.எல்.ஏ-வைத் தேர்ந்தெடுக்க உதவினான்.

(இன்டெல் வீட்டுப் பிள்ளையும் சும்மா இருக்கவில்லை. 1997 ஜூலை 4 அன்று செவ்வாயில் இறங்கிய நாசாவின் சோஜர்னர் ரோவருக்கு மூளையாக இருந்தது 80சி85, அதாவது 8085-இன் மின்சிக்கன வடிவம். வேகம் 2 மெகாஹெர்ட்ஸ். அடுத்த முறை லேபைத் திட்டும்போது இதையும் கொஞ்சம் யோசியுங்கள்.)

சிப் ரெடி, சட்டம் ரெடியில்லை

70களின் இறுதியில் இந்தியாவில் கம்ப்யூட்டர் என்பதே அபூர்வம். 1978-ல் ஐ.பி.எம் நாட்டைவிட்டுக் கிளம்பியது. அதே ஆண்டில்தான் ஹெச்.சி.எல் தன் முதல் மைக்ரோ கம்ப்யூட்டரான '8சி'யை வெளியிட்டது. அதைத் தொடங்கியவர்களில் முதன்மையானவரான ஷிவ் நாடார், மதுரை அமெரிக்கன் கல்லூரியில் பி.யு.சி படித்தவர் என்பதை மதுரைக்காரர்கள் யாரும் சொல்லாமல் விடமாட்டார்கள். நாமும் விடவில்லை.

தேர்தல் ஆணையம் மின்னணு இயந்திரத்தைப் பற்றி யோசிக்க ஆரம்பித்தது 1977-ல். ஹைதராபாத்தில் உள்ள மத்திய அரசு நிறுவனமான இ.சி.ஐ.எல் 1979-ல் மாதிரி இயந்திரத்தைச் செய்தது. 1980 ஆகஸ்ட் 6 அன்று அரசியல் கட்சிகள் முன்னிலையில் அதை இயக்கிக் காட்டினார்கள். பிறகு பெங்களூருவின் பாரத் எலெக்ட்ரானிக்ஸும் சேர்ந்துகொண்டது. (திருச்சி பெல் இல்லை, அது வேறு.) அந்த பாரத் எலெக்ட்ரானிக்ஸில் இந்த இயந்திரத்தின் வடிவமைப்பையும் தயாரிப்பையும் மேற்பார்வையிட்டவர் எஸ்.ரங்கராஜன். நமக்கு அவர் எழுத்தாளர் சுஜாதா. பகலில் ஓட்டு மெஷின், இரவில் கணேஷ்–வசந்த் என்று ஒரு மனிதர் எப்படி ஓடினாரோ!

முதல் சோதனை 1982 மே 19, கேரளாவின் பறவூர் சட்டமன்றத் தொகுதி. 50 பூத்களில் மட்டும் இயந்திரம் வைத்தார்கள். இங்கேதான் கதையில் ஒரு திருப்பம். இந்திய கம்யூனிஸ்ட் கட்சி வேட்பாளர் சிவன் பிள்ளை, 'மெஷின் வேண்டாம்' என்று தேர்தலுக்கு முன்பே நீதிமன்றம் போனவர். வழக்கில் தோற்றார். ஆனால் தேர்தலில் ஜெயித்துவிட்டார், 123 ஓட்டு வித்தியாசத்தில். இப்போது மெஷினை எதிர்த்து வழக்குப் போட்டது தோற்ற காங்கிரஸ் வேட்பாளர் ஏ.சி.ஜோஸ்.

உச்ச நீதிமன்றம் 1984-ல் ஜோஸ் பக்கம் தீர்ப்பளித்தது. காரணம், மெஷின் தப்பாக எண்ணியது என்பதல்ல. சட்டத்தில் இருந்த 'பேலட்' என்ற சொல்லுக்கு வாக்குச்சீட்டு என்றுதான் பொருள், சட்டத்தில் இல்லாத ஒரு முறையை ஆணையம் தானாகக் கொண்டுவர முடியாது என்பதே. அந்த 50 பூத்களிலும் சீட்டில் மறுவாக்குப்பதிவு நடந்தது. இந்த முறை ஜோஸ் ஜெயித்தார்!

என் கணக்கில் இந்த வழக்குதான் இந்திய வாக்கு இயந்திர வரலாற்றின் மிக முக்கியமான கட்டம். சிப் சரியாக எண்ணினால் மட்டும் போதாது, அது எண்ணலாம் என்று மக்கள் சபை சொல்லியிருக்க வேண்டும். மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் திருத்தப்பட்டு, இயந்திரத்துக்கு இடம் தரும் 61ஏ பிரிவு 1989 மார்ச்சில் நடைமுறைக்கு வந்தது. 1989–90-ல் சுமார் ஒன்றரை லட்சம் இயந்திரங்கள் தயாராயின. ஆனாலும் அவை பரவலாக வேலைக்கு வந்தது 1998-க்குப் பிறகுதான். மேலூர் உட்பட தமிழ்நாட்டின் எல்லாத் தொகுதிகளும் மெஷினில் வாக்களித்த முதல் சட்டமன்றத் தேர்தல் 2001 மே மாதத்தில் நடந்தது.

பெட்டிக்குள் என்ன இருந்தது?

வெளியில் பார்த்தால் ரெண்டு பாகம். நாம் பட்டனை அமுக்குவது பேலட் யூனிட். அதிகாரியின் மேஜையில் இருப்பது கன்ட்ரோல் யூனிட். நடுவில் 5 மீட்டர் கேபிள். மூளை இருப்பது அதிகாரி பக்கம். ஒரு பேலட் யூனிட்டில் 16 பேர், அப்படி நான்கை இணைத்தால் 64 பேர். பழைய இயந்திரம் ஒன்றில் அதிகபட்சம் 3,840 ஓட்டுகள் பதிவாகும்.

முதல் தலைமுறையில், என்ன செய்யணும் என்ற புரோகிராம் சிப்புக்கு வெளியே தனியாக ஒரு ஈப்ராமில் இருந்தது. தலையில் சின்னக் கண்ணாடி ஜன்னல் வைத்த சிப் அது. அந்த ஜன்னல் வழியாகப் புற ஊதாக் கதிரை அடித்தால் உள்ளே இருப்பது அழிந்துவிடும், புதிதாக எழுதலாம். ஓட்டுகள் சேமிக்கப்பட்டது வேறொரு மெமரியில். அதன் அளவு 64 கிலோபிட், அதாவது 8 கிலோபைட். உங்கள் வாட்ஸ்அப்பில் காலையில் வந்த 'குட் மார்னிங்' படத்துக்கு இதைவிடப் பல மடங்கு இடம் வேண்டும். பேட்டரியைக் கழற்றினாலும் அந்த மெமரி ஓட்டை மறக்காது.

கரண்ட் இல்லாத ஊரிலும் ஓடணும் என்பதால் மொத்த மெஷினுக்கும் ஆகாரம் ஒரு பேட்டரி பேக் மட்டும். மின்சாரத்தைக் குறைவாகக் குடிக்கும் சிப்பைத் தேர்ந்தெடுத்ததன் பலன் இங்கே தெரியும். இன்டர்நெட் இல்லை, வைஃபை இல்லை, ஆப்பரேட்டிங் சிஸ்டமும் இல்லை. பட்டன் அமுங்கியதா? விளக்கைப் போடு, பீப் அடி, ஒன்றைக் கூட்டு, அடுத்த அனுமதி வரும்வரை பூட்டிக்கொள். வேறு எதுவும் அதற்குத் தெரியாது. தெரியாமல் இருப்பதுதான் வடிவமைப்பின் நோக்கமே.

இதிலே ரொம்பப் பேர் கவனிக்காத ஒரு வசதி, வேகத் தடை. நிமிடத்துக்கு ஐந்து ஓட்டுக்கு மேல் மெஷின் ஏற்காது. ஒரு ஓட்டுக்கு 12 வினாடி. பூத்தைக் கைப்பற்றி ஆயிரம் ஓட்டைக் குத்த நினைப்பவர் இடைவிடாமல் 3 மணி 20 நிமிடம் அங்கேயே நின்று பட்டனை அமுக்கணும். ஒவ்வொரு ஓட்டுக்கும் கன்ட்ரோல் யூனிட்டில் இன்னொரு ஆள் அனுமதி பட்டனையும் அமுக்கணும். அதற்குள் அதிகாரி 'குளோஸ்' பட்டனைத் தட்டிவிட்டால் கதை முடிந்தது. சீட்டுக் கட்டை எடுத்து வைத்துச் சரசரவென முத்திரை குத்திப் பெட்டிக்குள் திணிப்பதற்கும் இதற்கும் உள்ள வித்தியாசத்தைக் கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

மேலூருக்கு இது வெறும் டெக் தகவல் இல்லை

பெட்டியைப் பறிப்பது என்றால் என்ன என்று மேலூர் வட்டாரத்துக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. 1996-ல் மேலவளவு ஊராட்சித் தலைவர் பதவி பட்டியல் சமூகத்தினருக்கு ஒதுக்கப்பட்டது. மிரட்டலால் வேட்புமனுக்கள் திரும்பப் பெறப்பட்டன. பிறகு நடந்த வாக்குப்பதிவில் வாக்குப்பெட்டிகள் பறிக்கப்பட்டுத் தேர்தல் தடைபட்டது. கடைசியில் போலீஸ் பாதுகாப்போடு நடந்த தேர்தலில் முருகேசன் ஊராட்சித் தலைவரானார். 1997 ஜூன் 30 அன்று பேருந்தில் வந்துகொண்டிருந்த அவரும் இன்னும் ஐந்து பேரும் வெட்டிக் கொல்லப்பட்டார்கள்.

12 வினாடித் தடை வைத்த மெஷின் அன்று அந்த பூத்தில் இருந்திருந்தால், பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடுவதில் பெரிய லாபம் இருந்திருக்காது. அவ்வளவுதான் சொல்ல முடியும். தேர்தல் முடிந்த பிறகு அரிவாளோடு பேருந்தை மறிப்பவனை எந்தச் சிப்பும் தடுக்காது.

ஒரு விஷயம் பலருக்கு ஆச்சரியமாக இருக்கலாம். எம்.எல்.ஏ, எம்.பி தேர்தலுக்கெல்லாம் மெஷின் வந்து இத்தனை வருஷம் ஆகியும், 2019 டிசம்பரில் தமிழ்நாட்டில் நடந்த ஊரக உள்ளாட்சித் தேர்தலில் கிராமத்து வாக்காளர் கையில் கிடைத்தது காகிதச் சீட்டுதான். ஊராட்சித் தலைவருக்கு இளஞ்சிவப்பு, ஒன்றிய கவுன்சிலருக்குப் பச்சை, மாவட்ட கவுன்சிலருக்கு மஞ்சள், வார்டு உறுப்பினருக்குத் தனி. ஒருவருக்கு நான்கு ஓட்டு, நான்கு சீட்டு. மோதல் அதிகம் நடக்க வாய்ப்புள்ள தேர்தலில்தான் பழைய முறை தொடர்கிறது என்பது கொஞ்சம் உறுத்துகிறது.

அப்படின்னா மெஷினை நம்பலாமா?

2010-ல் ஹைதராபாத்தைச் சேர்ந்த ஹரி பிரசாத், அமெரிக்கப் பேராசிரியர் அலெக்ஸ் ஹால்டர்மேன், நெதர்லாந்தின் ராப் கோங்கிரிப் ஆகியோர் அடங்கிய குழு ஓர் இந்திய வாக்கு இயந்திரத்தைத் திறந்து ஆராய்ந்து அறிக்கை வெளியிட்டது. அவர்கள் சிப்பின் கணக்கில் குறை சொல்லவில்லை. ரிசல்ட் காட்டும் டிஸ்ப்ளேவைக் கழற்றிவிட்டு, அச்சு அசல் அதே மாதிரி தோன்றும் போலி டிஸ்ப்ளேவை மாட்டினால், சிப் சரியாகச் சொல்லும் எண்ணை அது மாற்றிக் காட்டும் என்று செய்து காட்டினார்கள். இதற்கு மெஷின் அவர்கள் கையில் இருக்கணும், திறக்க நேரமும் இருக்கணும். சீல், காவல், முகவர்கள் முன்னிலையில் மாதிரி வாக்குப்பதிவு எல்லாம் இருக்கும்போது அது நடக்காது என்பது ஆணையத்தின் பதில். அந்த மெஷின் எங்கிருந்து வந்தது என்ற வழக்கில் ஹரி பிரசாத் அந்த ஆகஸ்டில் கைது செய்யப்பட்டு, பிறகு ஜாமீனில் வந்தார்.

இன்னொரு சிக்கலையும் அவர்கள் எழுப்பினார்கள். எனக்கு அதுதான் பெரிதாகப் படுகிறது. 2000-க்குப் பிறகு வந்த இயந்திரங்களில் ஜன்னல் வைத்த ஈப்ராம் போய்விட்டது, புரோகிராம் பிரதான சிப்புக்குள்ளேயே பதிக்கப்பட்டது. யாரும் அதை மாற்ற முடியாது, சரி. ஆனால் உள்ளே இருப்பது நாம் கொடுத்த புரோகிராம்தானா என்று யாரும் படித்துப் பார்க்கவும் முடியாது. பூட்டு பலமாகும்போது சாவித்துவாரமும் அடைபட்டுவிடுகிறது.

இந்தச் சந்தேகத்துக்குக் கிடைத்த பதில் மறுபடியும் காகிதம். 2013-ல் உச்ச நீதிமன்றம் விவிபேட் தேவை என்றது. நாம் போட்ட சின்னம் அச்சான சீட்டைக் கண்ணாடிக்குள் 7 வினாடி பார்க்கிறோமே, அது. 2024 ஏப்ரலில், எல்லா சீட்டையும் எண்ணணும் என்ற கோரிக்கையை நீதிமன்றம் ஏற்கவில்லை. ஆனால் இரண்டாம், மூன்றாம் இடம் பிடித்த வேட்பாளர்கள் எழுதிக் கேட்டால், ஒரு சட்டமன்றத் தொகுதிக்கு 5 சதவீத இயந்திரங்களின் சிப்பைத் தயாரிப்பு நிறுவன இன்ஜினீயர்கள் சோதிக்கணும் என்று உத்தரவிட்டது.

பழைய 8-பிட் குடும்பம் இப்போது பூத்தை விட்டுக் கிளம்பிவிட்டது. 2006-க்கு முன் தயாரான இயந்திரங்களை ஆணையம் 'எம்1' என்று வகைப்படுத்துகிறது. அவை கடைசியாக வேலை பார்த்தது 2014 மக்களவைத் தேர்தலில். இப்போது வருவது 'எம்3'. திருகாணியைத் தொட்டாலே தன்னைத்தானே முடக்கிக்கொள்ளும் வகை.

ஆனால் சரிபார்க்கும் வேலை மனிதர்களிடம்தான் இருக்கிறது. வாக்குப்பதிவு முடிந்ததும் மொத்தம் எத்தனை ஓட்டு என்று எழுதிய 17சி படிவத்தின் நகலை ஒவ்வொரு கட்சி முகவரும் வாங்கிக்கொள்ளலாம். எண்ணும் நாளில் மெஷின் காட்டும் மொத்தம் அதோடு பொருந்தணும். 2019-லிருந்து ஒவ்வொரு சட்டமன்றத் தொகுதியிலும் குலுக்கலில் ஐந்து பூத்களைத் தேர்ந்தெடுத்து விவிபேட் சீட்டுகளைக் கையால் எண்ணுகிறார்கள். மேலூர் தொகுதிக்கும் ஐந்து. அந்தக் குலுக்கல் நடக்கும்போது மேஜையைச் சுற்றி எந்தக் கட்சி முகவர் நிற்கிறார், எவர் டீ குடிக்கப் போய்விட்டார் என்பதை எந்த மெமரியும் பதிவு செய்வதில்லை.